சலூனுக்குள் விரிந்த இறக்கை

காட்டை ஒட்டிய ஊரில், பஸ் நிலையத்துக்கு எதிரே சலூன் வைத்திருந்தவருக்கு 'ரேடியோ' என்று பட்டப்பெயர். கத்தரியைக் கையில் எடுத்துவிட்டால் வாய் ஓயாது. இளவயதில் கப்பலில் சமையல் எடுபிடியாகப் போய், கடல் ஒத்துக்கொள்ளாமல் திரும்பி, அண்ணனிடம் தொழில் கற்றுக் கடை போட்டவர். வெறிநாய்க்கும் குடிகாரனுக்கும் அசராத மனுஷன், இறக்கை வைத்த பூச்சி என்றால் மட்டும் தலைதெறிக்க ஓடுவார். சின்ன வயதில் காதுக்குள் ஒரு வண்டு புகுந்து படுத்திய பாடு அப்படி.

அவர் மனைவிக்கு வனத்துறை நாற்றங்காலில் வேலை. காற்றில் முறிந்து விழுந்த கிளை ஒன்றில், காய்ந்த இலைக்குள் சுருண்டிருந்த பட்டுக்கூட்டைப் பார்த்தவள், அதைக் கிளையோடு கொண்டுவந்தாள். வீட்டுப் பூனை விட்டுவைக்காது. அதனால் சலூனில், கண்ணாடிக்கு மேலே கட்டித் தொங்கவிட்டாள்.

"என்ன இது, சருகு?" என்றார் ரேடியோ.

"அழகுக்குங்க. தொடாதீங்க, அப்படியே இருக்கட்டும்."

அவரும் நம்பிவிட்டார்.

சில வாரம் போயிருக்கும். ஒரு நாள் காலையில் பஸ் டிரைவர் ஒருவர் சேவிங்குக்கு உட்கார்ந்திருந்தார். ஒரு கன்னம் முடிந்தது. மறு கன்னத்தில் நுரை. கண்ணாடியில் எதேச்சையாக மேலே பார்த்த ரேடியோவின் பேச்சு பாதியில் நின்றது. சருகு அசைந்தது. அதற்குள்ளிருந்து செங்கல் நிறத்தில், ஈரமாக, ரோமத்தோடு ஏதோ ஒன்று பிதுங்கி வந்தது. அடுத்த நொடி ரேடியோ தெருவில் நின்றார். பின்னாலேயே நுரையோடு டிரைவர்.

"என்னண்ணே, தீப்பிடிச்சிருச்சா?"

"பூச்சி... பூச்சி..." என்றபடியே மனைவிக்கு போன் போட்டார்.

"ஐயோ, வந்துருச்சா?" அவள் குரலில் அப்படி ஒரு சந்தோஷம்.

"வந்துருச்சாவா? அப்போ உனக்கு முன்னாடியே தெரியுமா?"

"சண்டையை அப்புறம் வச்சுக்கலாம். முதல்ல ஃபேனை நிறுத்துங்க. தொங்கிக்கிட்டே இறக்கை காயணும். காத்துல அடிபட்டு மடங்கிப்போச்சுன்னா அதால பறக்கவே முடியாது. நான் கிளம்பி வர்றேன்."

சுவிட்ச் அந்தக் கண்ணாடிக்குப் பக்கத்தில்தான் இருந்தது. தலையில் துண்டைப் போர்த்திக்கொண்டு, சுவரோடு சுவராக நகர்ந்து போய் அணைத்தார். டிரைவருக்கோ பஸ் எடுக்கும் நேரம். பாதிக் கன்னத்தோடு போக முடியுமா? வேர்த்து வழிய, வாய் திறக்காமல் மிச்சத்தை மழித்து முடித்தார்.

"நீங்க பேசாம சேவ் பண்ணி இன்னைக்குத்தாண்ணே பார்க்கிறேன்" என்று சொல்லிவிட்டு டிரைவர் போனார்.

தனியாக நின்ற ரேடியோ ஓரக்கண்ணால் பார்த்தார். ஈரத்துணி போல் கசங்கிக் கிடந்த இறக்கைகள் கொஞ்சம் கொஞ்சமாக விரிந்துகொண்டிருந்தன. இரண்டு உள்ளங்கையை விரித்து வைத்த அகலம். செம்பழுப்பு நிறம், ஒவ்வொரு இறக்கையிலும் கண்ணாடி பதித்தது போல ஒரு முக்கோணம், முன் இறக்கைகளின் நுனி இரண்டும் அசல் பாம்புத் தலை. பயத்தோடு பயமாக, கண்ணையும் எடுக்க முடியவில்லை.

மனைவி வந்து சேர்ந்தாள்.

"இது அட்லஸ் அந்துப்பூச்சிங்க. பொண்ணு. பாவம், இனிமே இதுக்குச் சாப்பாடே கிடையாது. புழுவா இருந்தப்போ தின்னதை வச்சுத்தான் இந்த ஒரு வாரப் பொழப்பு. தின்ன வாய் இல்ல."

"வாயே இல்லையா? அப்போ கடிக்காது?"

"கடிக்காது. உங்களுக்கு நேர் எதிர்."

பெண் பூச்சியின் வாசம் பிடித்து ஆண் பூச்சி தூரத்திலிருந்தும் தேடி வரும் என்று சொல்லி, பின்பக்க ஜன்னலைத் திறந்தே வைக்கச் சொன்னாள். வந்த மாப்பிள்ளைக்கு ஜன்னல் தெரியவில்லை போல. மறுநாள் விடிந்ததும் ரேடியோ கடைக்கு வந்தால், ஷட்டர் மேல் ஒட்டிக்கொண்டிருந்தது அது. ஷட்டரைத் தூக்கினால் நசுங்கிவிடும். மனைவி போனை எடுக்கவில்லை. பின்கதவு வழியாக நாற்காலியை வெளியே எடுத்துப் போட்டு, நடைபாதையிலேயே இரண்டு பேருக்கு முடி வெட்டினார். வெயில் ஏறி ஷட்டர் சுட ஆரம்பித்தது. பூச்சி துடித்தது. அதற்கு மேல் அவருக்குப் பொறுக்கவில்லை. கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு கையை நீட்டினார்.

ஏறிக்கொண்டது. உள்ளங்கையில், வெட்டிய முடி விழுந்தது போல ஒரு குறுகுறுப்பு. அவ்வளவுதான். கண்ணைத் திறந்தார். இறகு இறகாக இரண்டு மீசை, அவரைப் பார்த்து ஆடின. "வாங்க மாப்ளே" என்று அவராகவே பேச ஆரம்பித்து, பின்கதவு வழியாக உள்ளே கொண்டுபோய்ப் பெண்ணுக்குப் பக்கத்தில் விட்டார். வாடிக்கையாளர்கள் கைதட்டினார்கள்.

ஜோடி சேர்ந்த பிறகு, புருஷனும் பெண்டாட்டியுமாகப் போய்ப் பெண் பூச்சியைக் காட்டோரத்து மரத்தில் விட்டார்கள். இலைக்கடியில் முட்டை வைத்தது. அன்றிலிருந்து விடுமுறை வந்தால் ரேடியோவுக்கு அந்த மரத்தடிதான். புழுக்கள் பொரிந்தன, தின்றன, மாவு பூசிய பச்சைக் கொழுக்கட்டைகளாக விரல் பருமனுக்கு வளர்ந்தன. ஒரு நாள் ஆசை மிகுந்து ஒன்றை மெல்லத் தட்டிக்கொடுத்தார். அதற்குப் பிடிக்கவில்லை. சட்டையில் ஏதோ ஒரு நீரைப் பீய்ச்சி அடித்தது பாருங்கள், அப்படி ஒரு நாற்றம்!

திரும்பும் பஸ்ஸில் பக்கத்து சீட்டில் ஒருத்தரும் உட்காரவில்லை. மனைவி வழி நெடுக மூக்கைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"சிரி, சிரி" என்றார் ரேடியோ. "அடுத்த வாரமும் வருவேன்."