இஸ்தோப்பும் வீடும்

அஞ்சலா கேட்டது அவளுக்குக் கிடைக்கத்தான் செய்தது. கிடைத்தும் உதவாமல் போனதற்கு ஒரே ஒரு சொல் காரணம். அந்தச் சொல்லையும் அவள் வாயாலேயே சொன்னாள் என்பதுதான் வயிற்றெரிச்சல்.

இரத்தோட்டைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து எடுத்தாள். புருஷன் வின்சன்ட் ஞாயிற்றுக்கிழமை வெள்ளைச் சட்டை போட்டுப் பூசைக்குப் போவான். மற்ற நாட்களில் அவளை அடிப்பான். தோட்டத்துச் சனம் வரிசையாகக் குடியிருக்கும் லயமே அவனை நல்ல மனுஷன் என்றது. அவள் முகம் வீங்கியிருந்தால் பார்க்காத மாதிரிப் போகவும் அதே லயத்துக்குத் தெரியும். ஒரு நாள் குறுக்கே வந்த மகள் ரெஜினாவைப் பிடித்துத் தள்ளினான். பிள்ளையின் கை உடைந்தது. அடிக்கிற புருஷனைத் தள்ளி நிறுத்தப் புதிதாகச் சட்டம் வந்திருக்கிறது என்று ஆஸ்பத்திரியில் கட்டுப் போட்ட தாதி ஸைனம்பு சொன்னாள். அஞ்சலா பஸ் ஏறி நீதிமன்றத்துக்குப் போனாள். பிள்ளையைக் காப்பாற்ற வேண்டும், வேறு நினைப்பே இல்லை.

நீதிபதிக்குச் சிங்களம். மொழிபெயர்த்தவர் ஆறுமுகநாதன் என்ற யாழ்ப்பாணத்துக்காரர். நல்லவர்தான், லயத்துப் பக்கம் ஒரு நாளும் கால் வைக்காதவர். என்ன வேண்டும் என்று கேட்டார்.

"அவரு வீட்டுக்குள்ள வரக்கூடாதுங்க. புள்ள ஏங்கிட்ட இருக்கணும்."

அவர் சொல் பிசகாமல் சிங்களத்தில் சொன்னார். கட்டளையும் சொல் பிசகாமல் வந்தது: வின்சன்ட் ஒரு வருஷம் வீட்டுக்குள் நுழையவோ அவளை அடிக்கவோ கூடாது, பிள்ளை தாயிடம்.

லயத்தில் ஒரு குடும்பத்துக்கு உள்ளே காம்பரா என்று ஒரே அறை, முன்னால் கூரை இறக்கிய திண்ணையாக ஒரு இஸ்தோப்பு, அவ்வளவுதான். அடுப்பும் தண்ணீர்க் குடமும் இஸ்தோப்பில் இருக்கும். வெளியே போகவும் அதைத் தாண்டித்தான் போக வேண்டும். ஆனாலும் உள்காம்பராவை மட்டுமே வீடு என்பார்கள். இஸ்தோப்பு இஸ்தோப்புதான்.

வின்சன்டுக்கு இது போதாதா? கட்டிலைத் தூக்கி இஸ்தோப்பில் போட்டான். காம்பரா வாசற்படியைத் தாண்டவில்லை, கை ஓங்கவில்லை. அடுப்படியில் உட்கார்ந்து தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக் கத்தியைத் தீட்டுவான். அவள் சோறு வடிக்கும்போது, சட்டம் ஒரு வருஷத்துக்குத்தானே என்று மெதுவாகச் சொல்வான். தாயும் மகளும் இருட்டுக் காம்பராவில் கதவை அடைத்துக் கிடந்தார்கள். அவனுக்குப் போட வேண்டிய பூட்டு அவர்களுக்கு விழுந்தது.

அது யுத்த காலம். தமிழருடைய அடையாள அட்டையைப் பார்க்கவே பொலிசுக்கு நேரம் போதவில்லை. முறையிடப் போன அவளை அலைய வைத்துத்தான் ஒரு சார்ஜன்ட் வந்தார். சிங்களத்திலும் இஸ்தோப்பு என்றால் வெளித் திண்ணைதான். ஆள் வெளியேதானே இருக்கிறான், உள்ளே போனால் வந்து சொல் என்றுவிட்டுப் போனார்.

வருஷம் முடிந்தது. கட்டளையை நீட்டச் சொல்லி அவள் போனாள். சனி ஞாயிறு பிள்ளை தன்னோடு இருக்க வேண்டும் என்று அவனும் கேட்டான்.

"அவர் வீட்டுக்குள்ளை வந்தவரோ?" என்று ஆறுமுகநாதன் கேட்டார்.

பைபிளைத் தொட்டுச் சத்தியம் செய்திருந்தாள். பொய் சொல்ல வரவில்லை.

"வீட்டுக்குள்ள வரலங்க. இஸ்தோப்புலதான் இருக்காரு."

கட்டளையை மதித்து நடந்த மனிதன் என்று எழுதினார்கள். அவள் கேட்டது தள்ளுபடியானது. சனி ஞாயிறு பிள்ளை அவனுக்கு.

வெளியே வந்ததும் ஆறுமுகநாதனுக்கு ஏதோ உறுத்தியிருக்க வேண்டும். அடுப்பு எங்கே இருக்கிறது என்று விசாரித்தார். இஸ்தோப்பில் என்றாள். அவர் முகம் செத்துப் போனது.

"அப்ப அதுவும் வீடுதானே, பிள்ளை. ஏன் சொல்லேல்லை?"

பிறந்ததிலிருந்து அதை வீடு என்று யாரும் சொல்லி அவள் கேட்டதில்லை.

இரத்தோட்டை பஸ்ஸில் ரெஜினா கேட்டாள்: "சனிக்கிழம நான் அப்பாவோட இஸ்தோப்புலயா படுக்கணும்?"

அஞ்சலா அவள் கன்னத்தில் அறைந்தாள். மகள் மேல் அவள் கை வைத்தது அதுதான் முதல் தடவை.

"இஸ்தோப்புன்னு சொல்லாத. வீடுன்னு சொல்லு."

உடைந்து ஒட்டிய கையால் பிள்ளை முகத்தை மறைத்துக்கொண்டது. அப்பனிடம் பேசுகிற அதே குரலில், வீடு என்றது.