ஹெர்மெலிந்தா சொல்லாத நன்றி

வெராகுரூஸ் துறைமுக வாசலில் சோளமாவை வாழையிலையில் மடித்துத் தமால் அவித்து விற்றவள் ஹெர்மெலிந்தா. நானும் அவளும் ஒரே முற்றத்தைச் சுற்றிய குடித்தனங்களில் இருந்தோம். கிடங்கு கட்ட இடம் வேண்டுமென்று ஒரு காலையில் சிப்பாய்கள் வந்து எங்களை வெளியே தள்ளினார்கள். காய்ச்சலில் கிடந்த அவள் புருஷன் ஃபிதென்சியோவைக் கட்டிலோடு தூக்கித் தெருவில் போட்டார்கள்.

செய்திப்படம் எடுக்கும் உர்பீனா அங்கே படப்பெட்டியை நிறுத்திக் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்தான்.

“அந்த ஆளை நல்லாக் கேளும்மா, நாடே பார்க்கும்,” என்றான்.

அவள் நம்பினாள். இரண்டு கைகளையும் உயர்த்தி சிப்பாய்களின் அதிகாரியைப் பார்த்துக் கத்தினாள். “சீக்காளியைத் தூக்கி எறியிறியே, நீ மனுசனா? உன் கை விளங்காமப் போக!”

அன்றிரவு தெருவில் மழையில் நனைந்த ஃபிதென்சியோ அந்த வாரமே செத்துப்போனான்.

பிறகு ஊர்ப் படக்கொட்டகையில் அந்தப் படம் வந்தது. ஊமைப்படம், எங்களில் பாதிப் பேருக்கு எழுத்தும் தெரியாது. திரையில் வரும் எழுத்து அட்டைகளைக் கொட்டகை ஆள் செனோபியோ சத்தமாக வாசிப்பான். ஹெர்மெலிந்தா கையுயர்த்திக் கத்தும் இடத்தில் அவன் வாசித்தான்: “நோய் பிடித்த குடிசைகளிலிருந்து மீட்டதற்கு மக்கள் நன்றி கூறுகிறார்கள்.”

முன்வரிசையில் கைதட்டினார்கள்.

“என்ன வாசிச்ச?” அவள் எழுந்துவிட்டாள்.

“எழுதியிருக்கறதத்தான் வாசிச்சேன், அக்கா.”

“அது நான்டா. நன்றியா சொன்னேன்?” திரைக்குப் பக்கத்தில் போய் நின்று, அன்று கத்தியதை அப்படியே கத்தினாள். கொட்டகை முதலாளியின் ஆட்கள் அவளை இழுத்து வெளியே விட்டார்கள்.

மறுநாள் பழைய முற்றத்துப் பெண்கள் எல்லோரும் போனோம். அந்தக் காட்சி வந்ததும் அவளோடு சேர்ந்து கத்தினோம். செனோபியோ அந்த அட்டையை வாசிக்காமல் விட்டான். இப்படியே தினமும் நடக்க, முதலாளி அந்தப் படம் காட்டுவதையே நிறுத்திவிட்டார்.

உர்பீனா தமால் கடைக்கே வந்தான். “நான் படம் மட்டும்தான் எடுத்தேன். அட்டை எழுதறது தலைநகர்ல.”

“என் மூஞ்சிக்கு நேரா நின்னியே, காதப் பொத்திக்கிட்டா நின்ன? கேட்டத ஒரு வார்த்தை சொல்லி அனுப்ப வாய் இல்லையா உனக்கு?”

அவன் தலையைக் குனிந்துகொண்டு போய்விட்டான்.

கிடங்கு எழும்பியது. ஒருநாள் தம்பிகோ துறைமுகத்திலிருந்து வந்த மாலுமி ஒருவன் அவளை உற்றுப் பார்த்தான். “போன வாரம் அங்க உங்களைப் படத்துல பார்த்தேனே. நன்றி சொன்னீங்கல்ல?”

ஹெர்மெலிந்தா அடுப்பை அணைத்தாள். “எந்தக் கொட்டகை?” என்று கேட்டாள். தம்பிகோ போகும் அடுத்த கப்பலில் அவள் ஏறியபோது நானும் கூட ஏறினேன்.