பெண்கள் விடுதியின் ஒற்றை மறைப்பு

அரசாங்க ஆஸ்பத்திரியில் ஒரு நோயாளி எந்தக் கட்டிலில் படுக்க வேண்டும் என்று தீர்மானிப்பவர் யார் என்று கேட்டால், ஓய்வுபெற்று இத்தனை காலம் ஆன பிறகும் விதியைக் காட்டிச் சொல்வேன். சட்டப்படி, பொறுப்பான மருத்துவர். நடைமுறையில், வாசலில் பதிவு போடுகிறவர். அவர் நோயாளியின் முகத்தைப் பார்ப்பதில்லை. அடையாள அட்டையைப் பார்ப்பார்.

அப்படித்தான் அந்தத் தையல்காரி நான் பொறுப்பு மருத்துவராயிருந்த ஆண்கள் விடுதிக்கு, அதாவது ஆண்கள் வாட்டுக்கு, வந்து சேர்ந்தார். தொண்ணூறுகளின் தொடக்கம், போர்க்காலம். குடாநாட்டில் மின்சாரம் இல்லை, மருந்து இல்லை, வெளியே போகப் பாதையும் இல்லை. போக விரும்பியவர் இந்தப் பக்கம் இயக்கப் போராளிகளிடம் ஒரு அனுமதி எடுத்து, அந்தப் பக்கம் இராணுவத்தின் சோதனை ஒன்றைக் கடக்க வேண்டும். அவர் குருநகர்க்காரர். பிறந்தபோது ஆண் என்று எழுதிவிட்டார்கள், வளர்ந்தபோது அப்படியில்லை. அந்தக் கரையில், தேவாலயத்தில் முதன்முதலாக நற்கருணை வாங்கி முதல்நன்மை எடுக்கும் பெண்பிள்ளைகளின் வெள்ளைச் சட்டைகளில் பாதி அவர் தைத்தவை. இன்று திருநங்கை என்று மரியாதையாகச் சொல்கிறோம். அன்று எங்களிடம் இருந்தவை வசைச்சொற்கள் மட்டுமே.

இடது கால் தூண் போல வீங்கியிருந்தது. உள்ளே இரத்தம் உறைந்திருந்தது. காரணத்தை மெல்லிய குரலில் அவரே சொன்னார். குடும்பக் கட்டுப்பாட்டு மாத்திரைகளை மச்சாள் மருத்துவிச்சியிடம் வாங்கிக் கொடுக்க, இவர் இரட்டிப்பாக விழுங்கியிருக்கிறார். உடம்பு பெண்ணுடம்பாக வேண்டுமானால் குடாநாட்டில் வேறு வழி இருக்கவில்லை.

"இரட்டிப்பாப் போடச் சொல்லி ஆர் சொன்னது?"

"ஒருத்தரும் சொல்லேல்லை டொக்டர். கேக்கிறதுக்கு ஆர் இருக்கினம்?"



கட்டிலை விட்டு இறங்கக் கூடாது என்று உத்தரவிட்டேன். இறங்கினால் உறைந்த கட்டி நகர்ந்து நுரையீரலுக்குப் போய்விடலாம்; போனால் என்னால் செய்ய ஒன்றுமில்லை. தலையாட்டினார். ஆண்கள் நடுவே கிடக்க மாட்டாமல் அன்று பின்னேரமே ஒற்றைக் காலில் கெந்திக் கெந்தி வாசல் வரை போய்விட்டார். சிற்றூழியர்கள் தூக்கி வந்து கிடத்தும்போது பக்கத்துக் கட்டில்காரர் கேட்டார்:

"என்ன தங்கச்சி, டான்ஸ் ஆடப் போறியோ?"

"ஓம் அண்ணை, நீங்கள் மேளம் அடியுங்கோ, ஆடுறன்."

விடுதியே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. அவரைப் பெண்கள் விடுதிக்கு மாற்ற முடிவெடுத்தேன்.

அங்கே பொறுப்புத் தாதி என்னைவிடச் சட்டம் தெரிந்தவர்; அமைச்சின் சுற்றறிக்கைகள் அவருக்கு மனப்பாடம்.

"இது எந்தச் சுற்றுநிருபத்திலை இருக்கு டொக்டர்?"

"ஏலாது எண்டு எந்தச் சுற்றுநிருபத்திலை இருக்கு மிஸ்ஸி?"

"அப்ப எழுதித் தாங்கோ."

எழுதித் தரச் சொன்னால் எங்கள் சேவையில் எந்த மனிதரும் பின்வாங்கிவிடுவார். நான் எழுதிக் கையொப்பமும் வைத்துக் கொடுத்தேன். அவர் இரண்டு தரம் வாசித்தார், பிழை கிடைக்கவில்லை, மூலைக் கட்டிலைக் கொடுத்தார்.

வென்றுவிட்டேன் என்று நினைத்தேன். மறுநாள் விடியப்புறம் தையல்காரி கட்டிலுக்கும் குளியலறைக்கும் நடுவில் தரையில் கிடந்தார். எனக்குக் கோபம் தலைக்கேறியது.

"சாகப் போறீரோ?"

சேலைத் தலைப்பால் வாயையும் நாடியையும் மூடிக்கொண்டு சொன்னார்: "வெளிச்சம் வர முந்தி எனக்கு முகம் வழிக்கவேணும் டொக்டர். வீட்டிலை எல்லாரும் எழும்ப முந்தி முடிச்சிடுவன். இஞ்சை சுத்திவரக் கண்ணெல்லோ."

"ஒரு நாள் வழிக்காமல் விட்டால் என்ன?"

"நீங்கள் ஒரு நாள் காற்சட்டை இல்லாமல் வாட்டுக்கு வாங்கோவன், பாப்பம்."

 விடுதியில் ஒரேயொரு மறைப்பு இருந்தது: மூன்று மடிப்பு இரும்புச் சட்டத்தில் பச்சைத் துணி. அடுத்த விடியலில் அதைக் கட்டிலைச் சுற்றி வைத்து, ஒரு கோப்பை தண்ணீரும் சவரக் கத்தியும் சிறு கண்ணாடியும் உள்ளே கொடுக்க ஏற்பாடு செய்தேன்.

விதிகளை அறிந்த நான் வழக்கத்தை யோசிக்கவில்லை. எங்கள் ஆஸ்பத்திரியில் அந்த மறைப்பு, உயிர் பிரியப்போகிறவர்களுக்கு மட்டுமே வைப்பது. அரையிருட்டில் கண்விழித்த பெண்கள் பச்சைத் துணியைக் கண்டார்கள். குருநகர்க் கரைப் பெண்கள் செபமாலையை எடுத்தார்கள். புத்தூர் அம்மா ஒருவர் திருநீற்றுப் பையை அவிழ்த்தார். ஒரு சிற்றூழியர் ஓடிப்போய், நோயாளிகளுக்கு நற்கருணை கொடுக்க வந்திருந்த கத்தோலிக்கச் சுவாமியாரை, சாகப்போகிறவர்களுக்குப் பூசும் எண்ணெய்ச் செப்போடு கூட்டிவந்துவிட்டார். எங்கள் ஆஸ்பத்திரியில் வேறெந்த வேலையும் அவ்வளவு வேகமாக நடந்ததில்லை.

"அவஸ்தை பூசவேணும். விலகுங்கோ டொக்டர்."

"சுவாமி, ஆள் சாகேல்லை."

"அதை ஆண்டவர் சொல்லட்டும்."

துணிக்குப் பின்னால் கத்தி உரசும் சத்தம் நின்றது. பாதி முகத்தோடு அவர் மூச்சை அடக்கிக்கொண்டிருப்பது எனக்குத் தெரிந்தது. முழு விடுதியும் பார்த்துக்கொண்டிருந்தது. அந்தத் துணி விலகினால் அவர் இனி ஒரு நிமிடமும் அந்தக் கட்டிலில் இருக்கமாட்டார். அந்தக் காலோடு ஆஸ்பத்திரி வாசற்படலை வரையும் போய்ச்சேரவும் மாட்டார்.  சுவாமியார் மறைப்பில் கை வைத்தார்.

"கையை எடுங்கோ சுவாமி."

பொறுப்புத் தாதி. "உள்ளுக்கை பொம்பிளை ஒராள் மேல் கழுவிறா. இந்த நேரம் ஆம்பிளையள் கிட்ட நிக்கேலாது. வாட்டுச் சட்டம்."

சுவாமியார் சூடு பட்டது போலக் கையை இழுத்தார். தாதி என் பக்கம் திரும்பினார்.

"டொக்டர், உங்களுக்குந்தான்."

நானும் சுவாமியாரும் விறாந்தையில் போய் நின்றோம். கொஞ்ச நேரத்தில் உள்ளே கத்தி மறுபடி உரசத் தொடங்கியது. அப்படியொரு சட்டம் இருக்கிறதா என்று நான் கேட்கவில்லை. எழுதித் தரச் சொல்லவும் இல்லை.

அதன் பிறகு விடியல் தோறும் மறைப்பு வந்தது, போனது. பெண்கள் செபமாலையை எடுப்பதை விட்டு, சட்டைக்கு எவ்வளவு துணி வேண்டும் என்று மறைப்புக்கு மேலாக விசாரிக்கத் தொடங்கினார்கள். கால் வீக்கம் வற்றியது. வீட்டுக்குப் போகும் நாளில், அந்த மாத்திரையை இனி வாழ்நாளில் தொடக் கூடாது என்று சொன்னேன். கொழும்பில் இதைப் பற்றித் தெரிந்த ஒருவரைப் பார்த்தால் ஆபத்துக் குறைந்த வழியொன்று கிடைக்கலாம் என்றும் சொன்னேன்.

"சோதிக்கிற இடத்திலை ஆம்பிளையளுக்கு ஒரு வரிசை, பொம்பிளையளுக்கு ஒரு வரிசை. நான் எதிலை நிக்கிறது டொக்டர்?"



அன்றிரவே அமைச்சுக்கு எழுதத் தொடங்கினேன். இப்படியானவர்கள் வந்து பயமின்றிக் கேட்க ஒரு கிளினிக், தகுந்த மருந்து, எந்த விடுதி என்பதற்கு ஒரு விதி. கடைசி வரியில், பெண்கள் விடுதிக்கு இன்னொரு மறைப்பு. ஓய்வுபெறும் வரை எழுதினேன். கவனத்தில் எடுக்கப்பட்டுள்ளதாகப் பதில் வரும். கேட்டவற்றில் மறைப்பு மட்டும், நீண்ட காலம் கழித்து, கப்பலில் வந்து இறங்கியது.

அவர் கொழும்புக்குப் போகவில்லை. மாத்திரையை விட்டார். குருநகரில் தையல் மெசினுக்கும், எல்லோருக்கும் முன்னே இருட்டில் எழும்புவதற்கும் திரும்பிப் போனார்.