வேல்ஸ் சிவராசாவின் ஊர்

கர்க்லாண்டில் வீடு வாங்கியிருக்கும் சிவராசாவை எங்கள் ஆட்கள் 'வேல்ஸ் சிவராசா' என்றுதான் சொல்வார்கள். பட்டத்தை அவரே தேடிக்கொண்டார். கனடா வருவதற்கு முன்னர் வேல்ஸில், லான்வெரின் என்ற சின்ன மலைக்கிராமத்தில் இரண்டு வருடம் இருந்தாராம். முப்பது வருடமாகக் கேட்டதில், கண்ணைக் கட்டிவிட்டாலும் எனக்கு அங்கே வழி தெரியும். கெரி ஆறு ஊரை இரண்டாகப் பிரிக்கும். வடக்கே கற்பலகைச் சுரங்கம். 1904இல் மண் சரிந்து பதினொரு பேர் செத்தார்கள். சனத்தொகை நானூற்றுப் பன்னிரண்டு. செத்தவீடோ கலியாணவீடோ, தேத்தண்ணி கைக்கு வந்தால் கெரி ஆறு பாயத் தொடங்கிவிடும்.

போன மாதம் வந்தது வினை. அவருடைய ஒரே மகள் ஜெயனி தான் கட்டப்போகிற பெடியனைச் சாப்பாட்டுக்குக் கூட்டிவருவதாகச் சொன்னாள். டவுன்டவுனில் வேலை, பெயர் கெரைன்ட், சொந்த இடம் வேல்ஸ்.

"அண்ணை, நீங்களும் வாங்கோ. கதை அந்தப் பக்கம் போனா மாத்திவிடுங்கோ. பிள்ளை ஐஞ்சாம் வகுப்பில அந்த ஊர் ரெயில் ஸ்டேஷனை மட்டையில செய்து பரிசு வாங்கினவள். அவளுக்கு முன்னால என்னை நாறடிச்சுப் போடாதேங்கோ" என்றார் சிவராசா.

ஓம் என்றேன். உண்மையில் வேடிக்கை பார்க்கத்தான் போனேன்.

அவருடைய மனைவி இந்திராதேவி புட்டும் நண்டுக்கறியும் பரிமாறினா. பெடியன் நல்லவன், கையாலேயே சாப்பிட்டான். லான்வெரினிலிருந்து ஏழு மைலில்தான் அவன் வீடாம். ஜெயனி துள்ளினாள்.

"அப்பா, நீங்க ட்ரெயினில வந்து இறங்கினதைச் சொல்லுங்கோ! எண்பத்தொன்பது, ஸ்னோ, ஸ்டேஷன் மாஸ்டர் டீ தந்தது!"

அவள் அதை மொழிபெயர்த்ததும் பெடியன் சாப்பாட்டிலிருந்து கையை எடுத்துவிட்டான். அந்த ஸ்டேஷனை அறுபத்துநாலிலேயே மூடிவிட்டார்கள் என்று தயங்கித் தயங்கி ஆங்கிலத்தில் சொன்னான். தண்டவாளத்தைக் கழற்றியவர்களில் அவன் தாத்தாவும் ஒருவராம்.

கதையை மாற்ற வேண்டிய நான், "எந்த மாசம் மூடினவங்கள் தம்பி?" என்று கேட்டேன். அவ்வளவு கெட்ட குணம் எனக்கு.

சிவராசா தண்ணீரைக் குடித்தார்.

"நான் அங்க போகேல்லை, பிள்ளை. வெளிநாட்டுக்கு ஆள் அனுப்பிற ஏஜென்சிக்காரன் தந்த கள்ளப் பாஸ்போட்டில அந்த ஊரில பிறந்ததெண்டு கிடந்தது. பாங்கொக்கில ஒரு அறைக்குள்ள நாப்பது நாள் வைச்சு அந்த ஊரைப் பாடமாக்க விட்டவன். பழைய புத்தகம், ஸ்டேஷன் மூடினது அதில இல்லை. பிழைவிட்டா அடி."

"எயார்போர்ட்டில என்ன கேட்டவங்கள்?" என்றாள் ஜெயனி.

"ஒண்டுமில்லை. கவுண்டரில இருந்தவள் ஜன்னல் சீட் வேணுமோ எண்டு மட்டும் கேட்டவள். பிளேனுக்குள்ள பாஸ்போட்டைக் கிழிச்சுப்போட்டு, இஞ்ச வந்து அகதியெண்டு சொன்னன். பாடமாக்கினது மட்டும் மண்டைக்குள்ள கிடந்தது. ஆருக்காவது சொல்லவேணும்போல இருக்கும்."

எனக்கு வெட்கமாக இருந்தது. நண்டுக்காலோடு மல்லுக்கட்டினேன்.

"அப்ப உங்கட உண்மையான ஊர்? அங்க எத்தனை பேர், அப்பா?"

அவருடைய ஊர் பலாலிப் பக்கம் என்பதற்கு மேல் எனக்கும் தெரியாது. முப்பது வருடத்தில் ஒருநாளும் நான் கேட்டதில்லை.

"ஒருத்தருமில்லை, பிள்ளை" என்றார் சிவராசா. "அது இப்ப ஆமிக்காம்ப்."