பீலிக்ஸின் முழங்கை

பீலிக்ஸ் பந்து போட வந்தால் எதிரணி பயந்ததோ இல்லையோ, அவரைச் சேர்த்த ரீம் பயந்தது. வேகத்துக்குக் குறைவில்லை. பந்தை விடும் நேரத்தில் முழங்கை மடிந்துவிடும், அதுதான் வில்லங்கம். கிரிக்கெட்டில் கையை நீட்டிச் சுழற்றித்தான் போடவேண்டும்; எறிந்தால் பிழை. அதற்காக ஊரில், பேசாலையிலேயே அவரை நிறுத்தினார்கள். தொண்ணூற்றொன்றில் கடல் கடந்து பலெர்மோவுக்கு வந்தார். கோயில் ரீம் சேர்த்தது, நிறுத்தியது. பிறகு தீவுப்பகுதி ஆட்களின் ரீம். பிறகு மொரீசியஸ்காரர், அவர்களின் தலைவர் செர்ஜ் பாவம், ஒரு மாதம் பொறுத்துப் பார்த்தார்.

எந்த ரீமுக்குப் போனாலும் அம்பயர் ஒருவர்தான்: பத்மநாதன். பீலிக்ஸ் ஓடிவரும்போதே அவருடைய கை பக்கவாட்டில் நீள ஆயத்தமாகிவிடும். அவர் "நோ போல்!" என்று கத்தினால் கபோ சந்தையில் கூவி விற்கிறவனும் வாயை மூடுவான்.

"தம்பி, உது கையோ, கதவுப் பிணைச்சலோ?" என்று வேறு கேட்பார்.

நிறுத்துவதைக்கூட பீலிக்ஸ் தாங்கிக்கொள்வார். சட்டையைத் திருப்பிக் கொடுப்பதுதான் மானக்கேடு. ஒவ்வொரு முறையும் மனைவி செலஸ்ரீனா ரீம் சட்டையைத் தோய்த்து மடித்துத் தர, தலையைக் குனிந்தபடி கொண்டுபோய்க் கொடுப்பார். திருப்பிக் கொடுக்கத் தேவையில்லாத சட்டை ஒன்று வேண்டும். அந்த மனிதரின் ஆசை அவ்வளவுதான்.

செலஸ்ரீனா லிபெர்த்தா வீதியில் ஒரு சிஞ்ஞோரா அம்மாள் வீட்டில் வேலை செய்தாள். சிஞ்ஞோராவின் மகன் நினோ பேஸ்போல் ரீம் ஒன்று வைத்திருந்தான். தோற்பதில் அவர்களை வெல்ல ஆளில்லை.

"இஞ்சாருங்கோ, அந்த விளையாட்டிலை பந்தை எறியத்தான் வேணுமாம்."

"எறியலாமோ?"

"எறியாட்டித்தான் பிழையாம்."

பீலிக்ஸுக்குக் கண் கலங்கிவிட்டது. முழங்கையைத் தடவிக் கொடுத்தார்.

நினோ சேர்த்துக்கொண்டான். சம்பளம், ஆட்டத்துக்கு இரண்டு அரஞ்சீனா. பொரித்த சோற்றுருண்டையென்றாலும் சம்பளம் சம்பளம்தானே! ஸ்ஃபெர்ராகவால்லோ உணவகத்தில் கணவாய் கழுவிக்கொண்டே, தான் தொழில்முறை ஆட்டக்காரன் என்று எல்லாருக்கும் சொன்னார்.

ஆனால் எறி என்ற இடத்தில் முழங்கை மடிய மறுத்தது. கிரிக்கெட்டில் எத்தனை சொல்லியும் நீளாத கை, இப்போது பத்மநாதனை நினைத்த பயத்தில் விறகுக்கட்டை மாதிரி நீண்டு சுழன்றது. பந்து நிலத்தில் குத்தி எழும்பியது. கிரிக்கெட்டில் அது அழகு, இங்கே பிழை. மூன்று ஆட்டம் தோற்றதும் நினோ சொல்லிவிட்டான்: இந்த ஞாயிறும் சரிவராவிட்டால் சட்டையைக் கொண்டுவா.

ஞாயிறு பூசை முடிந்து சனம் சாப்பாட்டுப் பெட்டிகளோடு பார்க்க வந்தது. பூசைக்கு வராத பத்மநாதனும் வந்தார், முழங்கையைப் பார்க்க. பீலிக்ஸின் கையோ பழையபடி விறைத்தே இருந்தது. எதிர் ரீமும் மோசமானது என்பதால் ஆட்டம் எப்படியோ கடைசிப் பந்துவரை வந்தது. அது மட்டைக்குத் தப்பி நேராகப் போனால் வெற்றி. பிழையாய்ப் போனால் சட்டை போச்சு.

பீலிக்ஸ் மெல்லத் திரும்பிப் பார்த்தார். பத்மநாதனின் வாய் நிறைய இறைச்சி ரோல்ஸ். இந்த வாயால் கத்த முடியாது! அந்த நிம்மதியில் முழங்கை தானாக மடிந்தது. எறிந்தார்.

தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும். பத்மநாதன் துள்ளி எழும்பி, கையை நீட்டி, ரோல்ஸ் நாலாபக்கமும் பறக்க, "நோ போல்!" என்று கத்தினார். மட்டைக்காரன் திடுக்கிட்டு அவரைப் பார்த்தான். பந்து அவனைத் தாண்டி நடுவால் போய்விட்டது.

வென்றுவிட்டார்கள். நினோ பீலிக்ஸைக் கட்டிப்பிடித்துவிட்டு, அடுத்த ஞாயிறும் வரவேண்டும் என்று பத்மநாதனின் காலில் விழாத குறை.

அன்று பின்னேரம் செலஸ்ரீனா பழக்கதோஷத்தில் சட்டையைத் தோய்த்து மடித்து நீட்டினாள். "எப்ப திருப்பிக் குடுக்கிறது?"

"இது குடுக்கிறேல்லை. என்ரை." சொல்லிக்கொண்டே வாங்கி அலுமாரிக்குள் வைத்தார்.

நினோ பத்மநாதனுக்கும் ஒரு சட்டை கொடுத்திருந்தான். ஆனால் அது இரவல், பருவம் முடியத் திருப்பித் தரவேண்டும் என்றான்.

"நல்லாய்த் தோய்ச்சு, வடிவாய் மடிச்சுக் குடுங்கோ அண்ணை," என்று பத்மநாதனிடம் சொன்னார் பீலிக்ஸ்.