பல் திரும்பிய வாள்

பஸ்தியாம்பிள்ளைக்குக் கண்டியில் கோப்பி மூட்டைகள் அடுக்கும் ஒரு கிட்டங்கியில் கணக்கப்பிள்ளை வேலை. ஆனால் அவர் குடியிருந்த கட்டுக்கலையில் அவரைத் தெரிந்தவர்களுக்கு அவர் மரவேலைக்காரர். வீட்டின் பின்பக்கக் கொட்டிலில், நிலத்தில் குந்தி, பலகையைக் காலால் மிதித்து, மரம் அரியும் வாளைத் தன் பக்கம் இழுத்து இழுத்து அரிவார். அந்தோனியார் திருநாளில் புனிதரின் சுரூபத்தை வைத்துத் தோளில் தூக்கிச் செல்லும் மரக்கூட்டை வருடாவருடம் செய்வதும் அவர்தான்.

பக்கத்து வீட்டு வலன்ரைனுக்குச் சீமை வாள் கிடைக்கும்வரை இதில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை.

தோட்டத்தை விற்றுவிட்டுக் கப்பலேறிய துரை ஒருவர் கொடுத்த வாள் அது. அதன்பின் வேலிக்கு அப்பால் ஓயாத அரிவுச் சத்தம். எப்படி அரிகிறான் என்று எட்டிப் பார்க்கப் பஸ்தியாம்பிள்ளைக்கு மனம் வரவில்லை. காதையும் மூட முடியவில்லை.

"வலன்ரைன்ர அலுமாரியைப் பாத்தனீங்களோ? விளிம்பு சீவிவிட்ட மாதிரி இருக்கு," என்றாள் மனைவி டொரதி.

"அந்த வாள் இருந்தா பூனையும் அலுமாரி செய்யும்."

இந்த வருடக் கூட்டை வலன்ரைன் செய்தால் என்ன என்று ஊரில் பேச்சு எழுந்தது; பூசை முடிந்ததும் கோயில் மூப்பர் ஒரு வழி சொன்னார். சனிக்கிழமை காலை இருவரும் முற்றத்தில் ஆளுக்கொரு பலாப் பலகை அரியட்டும். யாருடைய வெட்டு நேரோ அவருக்கே இந்த முறை கூடு செய்யும் வேலை.

வெள்ளி மாலை பஸ்தியாம்பிள்ளை வேலியருகே போய், "தம்பி, உம்மட வாளை ஒருக்காப் பாக்கத் தாரும். காலமை கோயிலுக்குக் கொண்டு வாறன்," என்றார்.

"ஓம் அண்ணை, கொண்டு போங்கோ."

யோசிக்காமல் கொடுத்தானே, அதுவே அவரைச் சுட்டது.

குந்தியிருந்து இழுத்தார். வாள் வழுக்கியது. அழுத்தி இழுத்தும் பலகையில் கீறல்தான் விழுந்தது. பல்லைத் தடவினார், எல்லாம் எதிர்ப்பக்கம் பார்த்து நின்றன. வேண்டுமென்றே பழுதாக்கித் தந்திருக்கிறான் என்று நினைத்தார். அரத்தை எடுத்து ஒவ்வொரு பல்லாகத் தன் பக்கம் திருப்பி ராவினார். பிறகு இழுத்தபோது பலா வெண்ணெயாக வெட்டுப்பட்டது.

மறுநாள் முற்றம் நிறையச் சனம். பஸ்தியாம்பிள்ளை கொண்டுவந்து கொடுத்த வாளை வாங்கிக்கொண்ட வலன்ரைன், பலகையை ஒரு மரவாங்கின் மேல் வைத்து, முழங்காலால் அமுக்கி, நின்றபடி வாளை முன்னே தள்ளினான். வழுக்கியது. மீண்டும் தள்ளினான். பின்வரிசையில் சிரிப்பு எழுந்தது.

தள்ளி அரிகிற வாளும் உண்டு என்பதைப் பஸ்தியாம்பிள்ளை அப்போதுதான் கண்டார். அங்கேயே வாயை மூடியிருக்கலாம். சிரிப்பின் ருசி விடவில்லை.

"இஞ்ச தாரும்," என்று வாங்கி, குந்தி, இழுத்தார். நூல் பிடித்ததுபோல் வெட்டு.

வலன்ரைன் குனிந்து வாளைப் பார்த்தான். "அண்ணை, பல்லெல்லாம் உங்கட பக்கம் பாக்குது."

பஸ்தியாம்பிள்ளை பலாத்தூளைத் தட்டிக்கொண்டே இருந்தார்.

"இனி இது என்ர கைக்குச் சரிவராது. நீங்களே வச்சுக் கூட்டைச் செய்யுங்கோ," என்றான் வலன்ரைன்.

செய்தார். அவர் செய்த கூடுகளில் அதுவே திறம். திருநாளன்று தெருவெல்லாம் ஒரே பேச்சு: "வலன்ரைன் குடுத்த வாளாலயாம். என்ன மனமப்பா அந்தப் பொடியனுக்கு."

கூட்டின் முன்கம்பு ஒன்று பஸ்தியாம்பிள்ளையின் தோளில். மற்றது வலன்ரைனின் தோளில். அவன் உயரமானவன். வழியெல்லாம் பாரம் இவர் பக்கமே சாய்ந்து வந்தது.