அருவிக்கரையில் வாங்கிய கண்ணாடி

பேய், சித்தர், மாய உலகம் என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுகிற ஆள் நான். தென்காசியில் பிசிக்ஸ் வாத்தியார். நீங்களும் அப்படித்தான் என்றால் நல்லது, நம்பாமலே கேளுங்கள்.

எங்கள் பக்கம் சிதம்பரதாணு என்றொரு விஞ்ஞானியின் கதை உண்டு. குற்றாலத்து மெயினருவித் தண்ணீருக்குப் பின்னால் வேறொரு மலை இருக்கிறது, அங்கே சித்தர்கள் நடமாடுகிறார்கள், வெளிச்சம் வளைகிற இடத்தில் நுழைந்தால் போய்விடலாம் என்று சொல்லிக்கொண்டு திரிந்தாராம். ஒரு சாரல் நாளில், கரையில் நின்ற யாரிடமோ மூக்குக்கண்ணாடியைக் கொடுத்துவிட்டு அருவிக்குள் போனவர் வரவே இல்லையாம். கூறுகெட்ட கதை. வீட்டுச் சண்டை தாங்காமல் செங்கோட்டையில் கேரளா பஸ் ஏறியிருப்பான் என்பதுதான் என் கட்சி.

என் தங்கை செல்வியின் புருஷன் மாரியப்பன் இதை நம்பினான். குத்துக்கல்வலசையில் நன்றாக ஓடிக்கொண்டிருந்த செல்போன் கடையைப் பூட்டிவிட்டு, தன்னைப் போன்ற வெட்டிப் பயல்களோடு டீக்கடையில் உட்கார்ந்து ‘ஆராய்ச்சி’ செய்தான். ஆராய்ச்சிக்கு அவர்களிடம் இருந்த கருவி ஒரு டார்ச் லைட். ஒருநாள் செல்வியிடம், நாளைக்கு அருவிக்குள் போகிறேன், வராவிட்டால் தேடாதே என்று சொல்லியிருக்கிறான். அவள் மாசமாக இருந்தாள். என்னிடம் வந்து அழுதாள். எனக்கு எரிச்சல்தான் வந்தது. நானே கூடப் போய், அந்தக் கிறுக்கனைக் குளிக்கவைத்துக் கூட்டிவருகிறேன் என்றேன்.

மறுநாள் மத்தியானம், நல்ல சீசன், நல்ல கூட்டம். மாரியப்பன் தலை நிறைய எண்ணெய் தேய்த்துக்கொண்டு அருவிக்குள் நுழைந்தான். நான் வழக்கம்போல் துணிக்குக் காவல். குற்றாலத்தில் அது ஒரு உத்தியோகம். குளிக்காமல் நிற்கிறவனிடம் முன்பின் தெரியாதவனும் செருப்பு, செயின், பல்செட் எதையாவது நீட்டுவான், யாரும் மறுப்பதில்லை. அப்படித்தான் இடுப்பில் துண்டு கட்டிய ஒரு பெரியவர் மூக்குக்கண்ணாடி ஒன்றை நீட்டினார்.

“தம்பி, இதக் கொஞ்சம் வச்சிக்கிடுங்க. இந்தா வந்துருதேன்.”

அந்தக் காலத்துத் தடித்த கறுப்பு பிரேம். பழசு, அசிங்கம். சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டேன்.

கொஞ்ச நேரத்தில் போலீஸ்காரர்கள் விசில் ஊதினார்கள். மலையில் மழை, தண்ணீர் செந்நிறமாகி இரைச்சல் கூடிவிட்டது. எல்லோரையும் வெளியேற்றிவிட்டார்கள். மாரியப்பனைக் காணோம். உள்ளே யாரும் இல்லை சார் என்று ஒரு போலீஸ்காரர் அடித்துச் சொன்னார். அந்தத் தண்ணீருக்குள் யாரும் உயிரோடு இருக்கவும் முடியாது. வெட்கமில்லாமல் சொல்கிறேன், செல்வியின் முகத்தில் எப்படி முழிப்பேன் என்பதைத் தவிர வேறு எதுவும் தோன்றவில்லை.

அப்போது பாறையோரமாக மாரியப்பன் நடந்து வந்தான். நம்பினால் நம்புங்கள், தலையில் எண்ணெய் அப்படியே வழிந்துகொண்டிருந்தது. ஒரு சொட்டுத் தண்ணீர்கூட மேலே பட்டிருக்கவில்லை.

“எங்கலே போன?” என்று சட்டென்று கையை ஓங்கிவிட்டேன்.

“உள்ள ஒரு பெரியவரு என்னைய வெளிய தள்ளிட்டாரு மச்சான். நீரு போம், ஒம்ம முறை இல்ல, வெளிய ஒருத்தரு கண்ணாடிய வாங்கிட்டாருன்னு சொல்லுதாரு. என்ன கண்ணாடி, மச்சான்?”

பையில் இருந்ததை நான் அவனுக்குக் காட்டவில்லை. இன்றுவரை காட்டவில்லை. அவன் அடுத்த நாளே கடையைத் திறந்தான், இப்போது பெண் குழந்தையோடு சௌக்கியமாக இருக்கிறான். சிதம்பரதாணு என்றால் சிரிக்கிறான். நானும் சிரிக்கிறேன். அந்த ஆள் ஒரு டுபாக்கூர் என்றுதான் வகுப்பில் இன்றும் சொல்கிறேன்.

கண்ணாடியைக் கேட்டு யாரும் வரவில்லை. பீரோவில் கிடக்கிறது. ஒருநாள் என் கண்ணாடி உடைந்தபோது அவசரத்துக்கு அதை எடுத்துப் போட்டேன், எழுத்து பளிச்சென்று தெரிந்தது. தற்செயல் என்று விட்டுவிட்டேன். எனக்குச் சர்க்கரை, பார்வை இறங்கிக்கொண்டே போகிறது, வருஷா வருஷம் தென்காசிக் கடையில் புது பவர் போட்டு லென்ஸ் மாற்றுகிறேன். மாற்றிவிட்டு வந்ததும், வேண்டாம் வேண்டாம் என்று நினைத்துக்கொண்டே பீரோவைத் திறந்து அதையும் போட்டுப் பார்க்கிறேன்.

அதை மட்டும் மாற்ற வேண்டியிருந்ததே இல்லை.